பாட்டரி தெளிப்பானுக்கு வீட்டிலேயே லித்தியம் பாட்டரி



கைப்பிடியை அடித்துக்கொண்டே மருந்து தெளித்த நிலை மாறி, இன்று பெரும்பாலான ஊர்களில் முதுகில் சுமக்கும் பாட்டரி தெளிப்பான் வந்துவிட்டது. 16 லிட்டர் தொட்டி, அதன் அடியில் ஒரு சிறு மின் பம்ப், அதை ஓட்ட 12 வோல்ட் பாட்டரி ஒன்று என்பதே இதன் அமைப்பு. கருவி நன்றாகவே உழைக்கிறது. முதலில் தளர்வது பாட்டரிதான். ஒரு பட்டம் முடிந்து பரண்மேல் வைத்த தெளிப்பானை அடுத்த பட்டத்திற்கு இறக்கிப் பார்த்தால், இரண்டு தொட்டி தெளிப்பதற்குள் பம்ப் முனகி நின்றுவிடுகிறது.

இதற்குக் காரணம் உண்டு. தெளிப்பானுடன் வரும் பாட்டரி பெரும்பாலும் ஈய அமில வகையைச் சேர்ந்தது. மின்சாரம் இறங்கிய நிலையில் மாதக்கணக்கில் கிடந்தால், இதன் தகடுகளின் மேல் ஈய சல்பேட் படிந்து இறுகிவிடும். பிறகு எவ்வளவு நேரம் சார்ஜ் செய்தாலும் பாட்டரி முன்போல மின்சாரத்தை ஏற்காது. லித்தியம் பாட்டரிக்கு இந்தக் குறை இல்லை. எடையும் குறைவு. 12 வோல்ட், 7 ஆம்பியர்-மணி ஈய பாட்டரி ஏறத்தாழ 2 கிலோ இருக்கும். அதற்கு மாற்றாக நாம் செய்யப்போகும் லித்தியம் பாட்டரி முக்கால் கிலோவுக்குள் அடங்கிவிடும். முழுத் தொட்டியைச் சுமந்து வரப்பில் நடப்பவருக்கு இந்த எடைக் குறைவு நன்றாகத் தெரியும்.

மின்வேலையில் ஓரளவு பழக்கமுள்ளவர் இதனை வீட்டிலேயே கட்டிக்கொள்ளலாம். செல்களை இணைப்பது கடினமான வேலையன்று. ஆனால் செல், காவல் பலகை, பியூஸ், சார்ஜர் ஆகிய நான்கும் ஒன்றுக்கொன்று பொருந்தியிருக்க வேண்டும். இவற்றுள் ஒன்று பொருந்தாவிட்டாலும் சார்ஜ் செய்யும் இடத்தில் தீப்பிடிக்கக்கூடும். அந்த இடம் பெரும்பாலும் நம் வீட்டுத் திண்ணையாகவோ, வைக்கோல் போருக்கு அருகிலுள்ள கொட்டகையாகவோ இருக்கிறது. ஆகவே ஒவ்வொரு படியையும் முழுவதும் படித்துப் புரிந்துகொண்ட பிறகே வேலையில் இறங்க வேண்டும்.

எந்த வகை லித்தியம்?

லித்தியம் பாட்டரி என்பது ஒரே பொருளன்று. சந்தையில் பெரும்பாலும் இரு வகை செல்கள் கிடைக்கின்றன.

முதல் வகை, நிக்கல், மாங்கனீசு, கோபால்ட் ஆகியவை கலந்தது. செல் ஒன்றுக்கு 3.6 அல்லது 3.7 வோல்ட். முழுதும் சார்ஜ் ஆனால் 4.2 வோல்ட். மடிக்கணினிகளில் இருப்பது பெரும்பாலும் இந்த வகைதான்.

இரண்டாம் வகை, லித்தியம் இரும்பு பாஸ்பேட். கடைகளில் இதனை எல்.எப்.பி. என்பர். செல் ஒன்றுக்கு 3.2 வோல்ட். முழுதும் சார்ஜ் ஆனால் 3.65 வோல்ட். அமெரிக்காவின் டெக்சஸ் பல்கலைக்கழகத்தில் குட்இனஃப் என்ற அறிஞரும், அவருடன் பணியாற்றிய பாதி, நஞ்சுண்டசுவாமி முதலியோரும் 1997-ஆம் ஆண்டில் இந்தப் பொருளைப் பற்றிய ஆய்வை வெளியிட்டனர். லித்தியம் பாட்டரி ஆராய்ச்சிக்காக 2019-ஆம் ஆண்டு வேதியியல் நோபல் பரிசைப் பெற்ற மூவருள் குட்இனஃப் ஒருவர்.

நமக்கு ஏற்றது இரண்டாம் வகையே. இதிலுள்ள ஆக்சிஜன் பாஸ்பரசுடன் இறுகப் பிணைந்திருப்பதால், செல் சூடேறினாலும் முதல் வகையைப் போல் எளிதில் ஆக்சிஜனை வெளிவிட்டுத் தீயை வளர்ப்பதில்லை. மேலும் நான்கு செல்களைத் தொடராக இணைத்தால் 12.8 வோல்ட் கிடைக்கும். 12 வோல்ட் பம்ப்புக்கு இது சரியாகப் பொருந்தும். சுமார் 2,000 முறை சார்ஜ் செய்து இறக்கினாலும் தாங்கக்கூடியது. ஆண்டுக்குச் சில பத்து நாட்களே தெளிக்கும் உழவருக்கு இது மிகவும் போதுமானது.

இருப்பினும் எல்.எப்.பி. தீப்பிடிக்கவே பிடிக்காது என்று எண்ணிவிடக் கூடாது. அளவுக்கு மீறிச் சார்ஜ் செய்தாலோ, குறுக்குச் சுற்று ஏற்பட்டாலோ இதுவும் புகைந்து, எரியக்கூடிய வாயுவை வெளிவிடும். பழைய மடிக்கணினிகளிலிருந்து பிரித்த செல்கள் விலை மலிவாகக் கிடைக்கின்றன என்று வாங்குவதை அறவே தவிர்க்க வேண்டும். அவற்றின் வயதும் உள்நிலையும் பார்வைக்குத் தெரியா.

எத்தனை செல் வேண்டும்?

வோல்ட் என்பது தொட்டியிலுள்ள நீரின் மட்டம் போன்றது. ஆம்பியர் என்பது மடையில் ஓடும் நீரின் அளவு. ஆம்பியர்-மணி என்பது தொட்டியின் கொள்ளளவு. செல்களைத் தொடராக இணைத்தால் மட்டம் உயரும். பக்க இணைப்பில் சேர்த்தால் கொள்ளளவு கூடும்.

32 மில்லி மீட்டர் விட்டமும் 70 மில்லி மீட்டர் நீளமும் கொண்ட எல்.எப்.பி. செல் 32700 என்ற எண்ணுடன் விற்கப்படுகிறது. இதன் கொள்ளளவு பொதுவாக 6 ஆம்பியர்-மணி. உங்கள் பம்ப் எத்தனை ஆம்பியர் எடுக்கிறது என்பதை அதன் மேல் ஒட்டியுள்ள சீட்டில் பார்க்கவும். 3 ஆம்பியர் என்று கொண்டால் கணக்கு பின்வருமாறு:

ஏக்கருக்கு 200 லிட்டர் மருந்துக் கரைசல் என்றால் 16 லிட்டர் தொட்டியில் பன்னிரண்டரைத் தொட்டி. நிமிடத்திற்கு 2 லிட்டர் வெளியேறினால் பம்ப் ஓடும் நேரம் 100 நிமிடம். 6 ஆம்பியர்-மணியில் 85 சதவீதத்தை மட்டும் பயன்படுத்துவதாகக் கொண்டால் 5.1 ஆம்பியர்-மணி. இதை 3-ஆல் வகுத்தால் 1.7 மணி, அதாவது 102 நிமிடம். ஆகவே நான்கு செல்கள் ஓர் ஏக்கருக்குச் சரியாக இருக்கும். ஒரே நாளில் இரண்டு ஏக்கர் தெளிப்பவர் எட்டு செல்கள் வாங்கி, இரண்டிரண்டாகப் பக்க இணைப்பில் சேர்த்து, அந்த நான்கு இணைகளைத் தொடராக இணைக்க வேண்டும். எட்டு செல்கள் ஏறத்தாழ 130 மில்லி மீட்டர் நீளமும் 65 மில்லி மீட்டர் அகலமும் பிடிக்கும். தெளிப்பானின் பாட்டரி அறையை அளந்து பார்த்த பிறகே வாங்கவும்.

வேண்டிய பொருட்கள்

1. ஒரே நிறுவனத்தின், ஒரே தொகுதியைச் சேர்ந்த புதிய எல்.எப்.பி. செல்கள் நான்கு. திருகு முனையுள்ளவை அல்லது நிக்கல் பட்டை பற்றவைத்து வருபவை நல்லது.
2. செல்களை நிறுத்தும் பிளாஸ்டிக் தாங்கிகள்.
3. நான்கு செல் எல்.எப்.பி. அடுக்குக்கான காவல் பலகை, 10 முதல் 15 ஆம்பியர் வரை. கடையில் பி.எம்.எஸ். என்று கேட்க வேண்டும்.
4. 7.5 ஆம்பியர் பியூஸ் ஒன்று, உறையுடன். கார்களில் பயன்படும் தட்டைப் பியூஸ் போதுமானது.
5. 1.5 சதுர மில்லி மீட்டர் செம்புக் கம்பி, சிவப்பிலும் கறுப்பிலும்.
6. மின்காப்புத் தாள், பாட்டரியை மூடும் சுருங்கு உறை.
7. 14.6 வோல்ட், 2 ஆம்பியர் எல்.எப்.பி. சார்ஜர்.
8. மல்டிமீட்டர் ஒன்று. இது இல்லாமல் வேலையைத் தொடங்கவே கூடாது.

காவல் பலகை வாங்கும்போது ‘நான்கு செல்’ என்பதோடு ‘எல்.எப்.பி.’ என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். முதல் வகை லித்தியத்திற்கான பலகை, செல் ஒன்றை 4.2 வோல்ட்டுக்கு மேல் ஏற விட்டுத்தான் மின்சாரத்தை வெட்டும். அது எல்.எப்.பி. செல்லைக் காப்பாற்றாது.

செல்களை இணை பார்த்தல்

பலமான மாட்டையும் மெலிந்த மாட்டையும் ஒரே நுகத்தில் பூட்டினால் மெலிந்தது விரைவில் படுத்துவிடும். தொடராக இணைத்த செல்களும் அவ்வாறே. நான்கு செல்களிலும் ஒரே அளவு மின்சாரம்தான் ஓடும். கொள்ளளவு குறைந்த செல் முதலில் காலியாகும். சார்ஜ் செய்யும்போது அதுவே முதலில் நிரம்பி வழியும்.

ஆகவே செல்கள் வந்தவுடன் ஒவ்வொன்றின் வோல்ட்டையும் அளந்து, செல்லின் மேலேயே எழுதி வைக்கவும். ஒரு நாள் கழித்து மீண்டும் அளக்கவும். தானாகவே வோல்ட் இறங்கிய செல்லையும், 2 வோல்ட்டுக்குக் கீழ் வந்து சேர்ந்த செல்லையும், வீங்கிய அல்லது நசுங்கிய செல்லையும் திருப்பிக் கொடுத்துவிட வேண்டும். நான்கிற்கும் இடையே வேறுபாடு 0.02 வோல்ட்டுக்குள் இருப்பது நல்லது.

வேறுபாடு அதிகமாக இருந்தால், ஒற்றைச் செல்லுக்கான 3.65 வோல்ட் எல்.எப்.பி. சார்ஜரால் ஒவ்வொன்றையும் தனித்தனியே முழுதும் சார்ஜ் செய்து சமப்படுத்த வேண்டும். மட்டம் வேறுபட்ட செல்களை அப்படியே பக்க இணைப்பில் சேர்த்துவிடக் கூடாது. மேட்டு வயலுக்கும் பள்ள வயலுக்கும் இடையே வரப்பை வெட்டினால் நீர் எப்படிப் பாயுமோ, அப்படி ஒரு செல்லிலிருந்து மற்றொன்றுக்கு மின்சாரம் பாயும்.

காவல் பலகையே சமப்படுத்திவிடும் என்று சிலர் எண்ணுகின்றனர். சமப்படுத்தும் வசதியுள்ள சாதாரணப் பலகையும் ஆம்பியரில் நூறில் சில பங்கு அளவே சமப்படுத்தும். சிறு வேறுபாட்டைச் சரிசெய்ய அது போதும். பெரிய வேறுபாட்டிற்குப் போதாது.

இணைக்கும் முறை

வேலைக்கு முன் மோதிரம், வளையல், கைக்கடிகாரம், அரைஞாண் கொடி ஆகியவற்றைக் கழற்றிவிடுங்கள். 12 வோல்ட் ஆளை அடிக்காது என்பது உண்மை. ஆனால் ஒரு செல்லின் இரு முனைகளையும் உலோகம் தொட்டால் நூறு ஆம்பியருக்கும் மேல் பாய்ந்து, அந்த உலோகம் நொடியில் பழுக்கக் காயும். திருகு முடுக்கியின் தண்டிலும் மின்காப்பு நாடாவைச் சுற்றிக்கொள்ளவும்.

செல்களைத் தாங்கியில் நிறுத்தி 1, 2, 3, 4 என எண்ணிடவும். 1-இன் நேர்முனையை 2-இன் எதிர்முனையுடனும், 2-இன் நேர்முனையை 3-இன் எதிர்முனையுடனும், 3-இன் நேர்முனையை 4-இன் எதிர்முனையுடனும் இணைக்கவும். இப்போது 1-இன் எதிர்முனை முழு அடுக்கின் எதிர்முனையாகவும், 4-இன் நேர்முனை முழு அடுக்கின் நேர்முனையாகவும் அமையும். எட்டு செல் அடுக்கில் ஒவ்வோர் எண்ணும் ஓர் இணையைக் குறிக்கும்.

திருகு முனையுள்ள செல்லானால் பட்டையை அழுத்தமாக முடுக்கவும். தளர்ந்த இணைப்பு சூடேறும். திருகு இல்லாத செல்லானால், புள்ளிப் பற்றவைப்புக் கருவி உள்ள பாட்டரி கடையில் கொடுத்துப் பட்டை வைத்து வாங்கவும். செல்லின் மேல் நேரடியாக ஈயப்பற்று வைக்கக் கூடாது. அந்தச் சூடு செல்லின் உள்ளே இறங்கி அதனைக் கெடுத்துவிடும்.

காவல் பலகையில் பி−, பி1, பி2, பி3, பி+, பி.எம்.எஸ்.-இலிருந்து வெளியே செல்லும் எதிர்முனை என முனைகள் இருக்கும். வெளியே செல்லும் இந்த முனையைச் சில பலகைகளில் சி− என்றும் குறித்திருப்பர். பெயர் பலகைக்குப் பலகை சற்று மாறலாம். உடன் வரும் படத்துடன் ஒப்பிட்டுக்கொள்ளவும். இணைக்கும் வரிசை இதுதான்:

1. அடுக்கின் எதிர்முனையிலிருந்து தடித்த கறுப்புக் கம்பி பி−-க்கு.
2. செல் 1-க்கும் 2-க்கும் இடைப்பட்ட பட்டையிலிருந்து மெல்லிய கம்பி பி1-க்கு.
3. செல் 2-க்கும் 3-க்கும் இடையிலிருந்து பி2-க்கு.
4. செல் 3-க்கும் 4-க்கும் இடையிலிருந்து பி3-க்கு.
5. அடுக்கின் நேர்முனையிலிருந்து பி+-க்கு.

மெல்லிய கம்பிகள் ஒரு செருகியில் சேர்ந்து வந்தால், அதனைப் பலகையில் செருகும் முன் அளந்து பார்ப்பது கட்டாயம். மல்டிமீட்டரின் கறுப்பு முனையை அடுக்கின் எதிர்முனையில் வைத்து, சிவப்பு முனையால் ஒவ்வொரு கம்பியையும் தொட்டால் ஏறத்தாழ 3.2, 6.4, 9.6, 12.8 என்று படிப்படியாக ஏற வேண்டும். வரிசை மாறியிருந்தால் செருகிய நொடியிலேயே பலகை கெட்டுவிடும்.

இனி மிக முக்கியமான ஒன்று. தெளிப்பானுக்கும் சார்ஜருக்கும் செல்லும் கறுப்புக் கம்பி, பலகையிலிருந்து வெளியே செல்லும் எதிர்முனையிலிருந்துதான் புறப்பட வேண்டும். அதை அடுக்கின் எதிர்முனையில் நேரடியாகச் சேர்த்தாலும் பம்ப் ஓடும், சார்ஜும் ஏறும். எல்லாம் சரியாக இருப்பது போலவே தோன்றும். ஆனால் பலகையின் வழியாக மின்சாரம் செல்லாததால் எந்தக் காவலும் இருக்காது. வாய்க்காலை மடைக்கு வெளியே வெட்டிவிட்டு மடைப்பலகையை அடைப்பது போன்றது இது.

சிவப்புக் கம்பி, அடுக்கின் நேர்முனையிலிருந்து பியூஸ் வழியாகத் தெளிப்பானுக்குச் செல்லும். பியூஸ் பாட்டரிக்கு மிக அருகிலேயே இருக்க வேண்டும். எல்லா வேலையும் முடியும் வரை பியூஸைச் செருகாமல் வைத்திருப்பது நல்ல பழக்கம்.

பிறகு செல் முனைகளின் மேலும் பலகையின் அடியிலும் மின்காப்புத் தாளை வைத்து, சுருங்கு உறையால் மூடவும். தொட்டியின் அடியில் மருந்து கசிவது சாதாரணமாகையால், பாட்டரியை மூடியுள்ள சிறு பிளாஸ்டிக் பெட்டியில் வைத்து, கம்பி வெளிவரும் துளை கீழ்நோக்கி இருக்குமாறு பொருத்தவும். ஆடாமல் இருக்க ரப்பர் துண்டுகளைச் செருகவும்.

பழைய சார்ஜரைப் பயன்படுத்தலாமா?

கூடாது. சில ஈய பாட்டரி சார்ஜர்கள், இறுகிய சல்பேட்டைக் கரைக்க இடையிடையே 15 வோல்ட்டுக்கு மேலும் மின்சாரத்தைத் தட்டிவிடும். அது காவல் பலகையைக் கெடுத்துவிடலாம். முதல் வகை லித்தியத்தில் ஆபத்து இன்னும் பெரிது. அதில் மூன்று செல் அடுக்கின் உச்சம் 12.6 வோல்ட். அதனை 14.4 வோல்ட் ஈய சார்ஜரில் மாட்டினால் செல் ஒன்றுக்கு 4.8 வோல்ட் வரும். காவல் பலகை ஒன்று மட்டுமே இடையில் நிற்கும். அதுவும் இல்லையென்றால் தீ நிச்சயம் என்றே கொள்ள வேண்டும். பழைய சார்ஜரும் புதிய சார்ஜரும் ஒரே குழியில் பொருந்துவதால், வீட்டிலுள்ளோர் மாற்றி மாட்டிவிடக்கூடும். ஆகவே பழைய சார்ஜரை வீட்டிலேயே வைத்திராமல் அகற்றிவிடுங்கள்.

முதல் சார்ஜ்

சார்ஜர் முனையின் நேர், எதிர் திசையை மல்டிமீட்டரால் உறுதி செய்துகொண்டு, திறந்த இடத்தில் சிமெண்டுத் தரையின் மேல் வைத்துச் சார்ஜ் செய்யவும். வைக்கோல், உரச்சாக்கு, மருந்துப் புட்டி, கயிற்றுக் கட்டில் ஆகியவை அருகில் இருக்கக் கூடாது. கால் மணிக்கு ஒரு முறை தொட்டுப் பார்க்கவும். வெதுவெதுப்பு இயல்பு. கை வைக்க முடியாத சூடானால் சார்ஜரின் சுவிட்சை உடனே அணைக்கவும்.

2 ஆம்பியர் சார்ஜரில் 6 ஆம்பியர்-மணி அடுக்கு நிரம்ப 3 முதல் மூன்றரை மணி நேரம் ஆகும். முடியும் தறுவாயில் ஒவ்வொரு செல்லையும் அளக்கவும். எந்தச் செல்லும் 3.65 வோல்ட்டைத் தாண்டக் கூடாது. செல்களுக்கிடையே 0.1 வோல்ட்டுக்கு மேல் வேறுபாடு இருந்தால் சமப்படுத்தும் வேலையை மீண்டும் செய்ய வேண்டும். இந்த அளவுகளைக் குறித்து வைத்தால் பின்னர் எந்தச் செல் தளர்கிறது என்பதை அறிய உதவும்.

பயன்படுத்தும்போது

ஈய பாட்டரியில் பம்ப் மெதுவாகத் தளர்ந்து நிற்கும். எல்.எப்.பி. கடைசி வரை ஒரே வேகத்தில் ஓட்டிவிட்டுத் திடீரென நின்றுவிடும். தெளிப்பானிலுள்ள வோல்ட் காட்டியும் பெரும்பாலான நேரம் ஒரே அளவையே காட்டும். எனவே எத்தனை தொட்டி ஓடும் என்பதை முதல் இரண்டு முறை எண்ணி மனத்தில் வைத்துக்கொள்வதே சரியான அளவுகோல்.

வெயிலில் தெளித்து வந்தவுடன் சார்ஜ் போடாமல் அரை மணி நேரம் நிழலில் ஆறவிடவும். 45 டிகிரி செல்சியசுக்கு மேலும், உறைநிலைக்குக் கீழும் சார்ஜ் செய்யக் கூடாது. நீலகிரியில் உறைபனி விழும் மார்கழி, தை மாத விடியற்காலையில் இதைக் கவனத்தில் கொள்ள வேண்டும். வீட்டார் உறங்கும் நேரத்தில் சார்ஜ் போடுவதை எல்லாப் பகுதியினரும் கைவிட வேண்டும்.

பட்டம் முடிந்ததும் பாதி அளவு சார்ஜில், ஏறத்தாழ 13.1 வோல்ட்டில், நிழலான உலர்ந்த இடத்தில் வைக்கவும். காவல் பலகையும் சிறிதளவு மின்சாரத்தை உண்ணும். ஆகையால் மூன்று மாதத்திற்கு ஒரு முறை அளந்து பார்க்கவும்.

குறைகளும் தீர்வும்

பம்ப் ஓடவே இல்லை: பியூஸைப் பார்க்கவும். புதிதாகக் கட்டிய சில அடுக்குகளில், ஒரு முறை சார்ஜரை மாட்டினால்தான் காவல் பலகை வேலை செய்யத் தொடங்கும்.

சில நிமிடங்களில் நின்றுவிடுகிறது: நின்றவுடன் நான்கு செல்களையும் அளக்கவும். மற்றவற்றைவிட மிகவும் தாழ்ந்திருப்பதே பழுதான செல்.

சார்ஜர் விரைவில் பச்சை விளக்கைக் காட்டுகிறது: ஒரு செல் மட்டும் முன்னதாக நிரம்பிவிடுகிறது. மீண்டும் சமப்படுத்த வேண்டும்.

செல் வீங்கியது, புளித்த அல்லது இனிப்பான வாடை வருகிறது: அந்த அடுக்கை இனிப் பயன்படுத்தக் கூடாது.

புகை வந்தால்

முதலில் மெயின் சுவிட்சை அணைத்துவிட்டு, வீட்டிலுள்ளோரையும் கால்நடைகளையும் காற்று வரும் பக்கமாக விலக்கவும். புகை நச்சுத்தன்மை உடையது. அதற்குள் நுழையக் கூடாது. தீயணைப்பு நிலையத்திற்கு 101 அல்லது 112 என்ற எண்ணில் தெரிவிக்கவும். விலகி நின்று எட்ட முடியுமானால் நிறைய நீர் ஊற்றிக் குளிரச் செய்யலாம். அணைந்த பாட்டரி மீண்டும் பற்றக்கூடும் என்பதால் வீட்டிற்குள் கொண்டு வரக் கூடாது.

கழித்த செல்களையும் பழைய ஈய பாட்டரியையும் குப்பையில் போடவோ, எருக்குழியில் புதைக்கவோ வேண்டாம். 2022-ஆம் ஆண்டின் பாட்டரி கழிவு மேலாண்மை விதிகள், பயன்படுத்திய பாட்டரிகளைத் திரும்பப் பெற்று மறுசுழற்சிக்கு அனுப்பும் பொறுப்பைத் தயாரிப்பாளர் மீது சுமத்தியுள்ளன. விற்பனையாளரிடம் திருப்பிக் கொடுப்பதே முறை.

மல்டிமீட்டரைப் பிடித்துப் பழகாதவர்கள் இந்த வேலையைத் தாமே செய்ய முற்படாமல், இந்த இதழைக் கையில் எடுத்துக்கொண்டு பாட்டரி பழுதுபார்ப்பவரிடம் செல்லலாம். காவல் பலகை எல்.எப்.பி. வகைதானா, கறுப்புக் கம்பி பலகையின் வழியாகச் செல்கிறதா, பியூஸ் இருக்கிறதா, சார்ஜர் 14.6 வோல்ட்தானா என்ற நான்கு கேள்விகளைக் கேட்டு, நான்கிற்கும் ‘ஆம்’ என்ற விடை கிடைத்த பிறகே பாட்டரியை வீட்டிற்கு எடுத்துச் செல்லுங்கள்.